தூய்மைப் பணியாளர் பற்றிய ஆவணப்படம்: முகத்தைக் காட்டலாமா?

கேள்வி:
நண்பர்கள் மூன்று பேர் சேர்ந்து தூய்மைப் பணியாளர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கிறோம். ஓர் அக்கா விடியற்காலை நான்கு மணிக்குக் கிளம்புவதிலிருந்து, வீடு திரும்பி மூன்று தடவை சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டுப் பேரனைத் தூக்குவது வரை எடுத்துவிட்டோம். சம்மதக் கடிதத்தில் கையெழுத்தும் போட்டார். நேற்று போன் செய்து, "தம்பி, என் மூஞ்சி தெரியுமா? மேஸ்திரி பார்த்தா நாளைக்கே வராதேன்னுடுவார்" என்கிறார். ஒப்பந்த வேலை. முகத்தை மறைத்தால் படமே செத்துவிடும் என்கிறான் எடிட்டர். என்ன செய்யலாம்?

பதில் 1:
அவர் கேட்டபிறகு யோசிக்க என்ன இருக்கிறது, முகத்தை நீக்கிவிடுங்கள். அன்றைக்குக் கையெழுத்துப் போட்டபோது அவருக்கு மேஸ்திரி நினைவுக்கு வரவில்லை, இப்போது வந்துவிட்டது. முகத்தை மட்டும் மங்கலாக்கினால் குற்றவாளி மாதிரி தெரியும், அதனால் அந்தக் காட்சிகளையே மாற்றுங்கள். கை கழுவுவதில் கையை மட்டும் வையுங்கள். குரலையும் மாற்ற மறக்காதீர்கள், தெருவில் எல்லோருக்கும் குரலிலேயே அடையாளம் தெரியும்.

பதில் 2:
எடிட்டர் சொல்வதும் புரிகிறது. ஆவணப்பட இயக்குநர் அமுதன் மதுரையில் எடுத்த 'பீ' (2003) படத்தில் தூய்மைப் பணி செய்யும் பெண்ணை விட்டு கேமரா நகராது, பார்க்கிற நமக்குத்தான் முகத்தைத் திருப்பத் தோன்றும். ஆனால் உங்கள் அக்கா வேண்டாம் என்றால் வேண்டாம்தான். அப்புறம், அவரை மட்டுமே காட்டிக்கொண்டிருந்தால் பரிதாபம்தான் மிஞ்சும், வேலைக்கு அனுப்புகிறவர்கள் பக்கமும் கேமராவைத் திருப்புங்கள். பாதுகாப்புக் கருவி இல்லாமல் ஆளைச் சாக்கடைக்குள் இறக்குவது, மனிதக் கழிவை மனிதரே அள்ளுவதைத் தடைசெய்யும் 2013 சட்டப்படி குற்றம். சாக்கடையில் இறந்தவர் குடும்பத்துக்கு 10 லட்சம் தரவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சொன்னது, 2023 அக்டோபரில் அதை 30 லட்சமாக்கியது. யாரையாவது பறிகொடுத்த வீடு அங்கே இருந்தால் அந்தப் பணம் கைக்கு வந்ததா என்று கேளுங்கள். திவ்யபாரதியின் 'கக்கூஸ்' (2017) ஆவணப்படம் அந்தச் சாவுகளையும் விடாமல் கேட்டதால்தான் இன்றைக்கும் மனதை அறுக்கிறது.

கேள்வி கேட்டவர்:
நன்றி. இன்று மாலை லேப்டாப்பை எடுத்துப்போய் அக்காவிடமே முழுசாகப் போட்டுக் காட்டினேன். முகம் வேண்டாம், குரல் இருக்கட்டும் என்றார், மேஸ்திரிக்குத் தெரிந்துவிடுமே என்று இரண்டு தடவை கேட்டும் அதையேதான் சொன்னார். கை கழுவும் இடம் வந்ததும் நிறுத்தச் சொல்லி, "கையுறை கொடுத்து எட்டு மாசம் ஆச்சு, அதை இந்த இடத்துல சொல்லணும்" என்றார். நாளை அதைப் பதிவு செய்யப் போகிறோம்.