இடமாறுதல் கேட்டு 14 மாதம், பதிலே இல்லை. ஹைகோர்ட் போகலாமா?

நெல்லைக்காரி:
வணக்கம். மாநில அரசுத் துறை ஒன்றில் இளநிலை உதவியாளர், கிருஷ்ணகிரி மாவட்டத்தில் வேலை. கணவர் திருநெல்வேலியில் ஆசிரியர், மாமியாருக்கு வாரம் மூன்று தடவை டயாலிசிஸ், கூட்டிப்போக அவர் ஒருத்தர்தான், ஐந்து வயதுப் பையன் என்னோடு இருக்கிறான். விருப்ப மாறுதல் கேட்டு இரண்டு மனு கொடுத்தாயிற்று. சரி என்றும் சொல்லவில்லை, முடியாது என்றும் சொல்லவில்லை, கேட்டால் ஃபைல் மேலே போயிருக்கிறது என்கிறார்கள். எனக்குப் பின்னால் கேட்டவருக்கு அதே மாவட்டத்துக்கு ஆர்டர் வந்துவிட்டது! கேஸ் போட்டால் மாறுதல் கிடைக்குமா? மதுரைக் கிளையில் போடலாமா?

ரிட்டயர்ட் சூப்பிரண்ட்:
கேஸ் அப்புறம். மனுவை எப்படிக் கொடுத்தீர்கள் அம்மா? அதிகாரி கையில் கொடுத்துவிட்டு வந்திருந்தால் நாளைக்கு 'அப்படி ஒன்றும் வரவில்லையே' என்பார்கள்.

நெல்லைக்காரி:
முதல் மனு அப்படித்தான் சார், கையில் கொடுத்தேன். இரண்டாவது உரிய வழியில், தபால் பிரிவு சீலோடு நகல் இருக்கிறது. அதற்கே ஏழு மாதம் ஆகிறது.

கறுப்புக் கோட்டு:
அப்போ இரண்டாவது மனுவை வைத்துத்தான் பேச வேண்டும். மாநில அரசு ஊழியருக்கென்று இருந்த தீர்ப்பாயம் கலைக்கப்பட்டுப் பல வருடம் ஆகிறது, அதனால் அரசியலமைப்பின் பிரிவு 226-ன் கீழ் நேரே ஹைகோர்ட்டில் ரிட், அதாவது அரசு அதிகாரிக்கு ஆணையிடக் கேட்கும் மனு. வேலை கிருஷ்ணகிரியில், தலைமை அலுவலகமும் சென்னையில்தான் என்றால் சென்னையில்தான் போட வேண்டும், வீடு நெல்லையில் என்பது மதுரைக்குப் போதாது. ஒன்றை முதலிலேயே புரிந்துகொள்ளுங்கள் சகோதரி, கோர்ட் உங்களுக்கு மாறுதல் தராது. எங்கே யாரைப் போடுவது என்பது நிர்வாகத்தின் வேலை, கணவன் மனைவியை ஒரே ஊரில் போடச் சொல்லும் வழிகாட்டு நெறிகூட சட்ட உரிமை ஆகாது என்று 1993-லேயே எஸ்.எல்.அப்பாஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. பெரும்பாலும் கிடைப்பது, 'மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவு போடு' என்ற ஆணை. அதையும் மதிக்காவிட்டால் ஒரு வருடத்துக்குள் அவமதிப்பு வழக்கு போடலாம்.

தபால்காரன் மகன்:
மத்திய அரசு ஊழியர் யாராவது படித்தால், நமக்கு ரிட் இல்லை, முதலில் சி.ஏ.டி., அதாவது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். மனுவுக்கு ஆறு மாதம் பதில் இல்லையென்றால் அதற்கு மேல் ஒரு வருடத்துக்குள் போட்டுவிட வேண்டும்.

பட்டவன்:
நான் வாங்கினேன் அந்த ஆணையை. எட்டு வாரம் கெடு, கடைசி வாரத்தில் ஒரு வரி பதில் வந்தது: 'நிர்வாக நலன் கருதி ஏற்க இயலவில்லை'. என் மனுவிலும் 'குடும்பச் சூழ்நிலை' என்று ஒரு வரிதான் எழுதியிருந்தேன், அதற்கு அவர்கள் வேறென்ன எழுதுவார்கள்? நீங்கள் புதிதாக ஒரு மனு கொடுங்கள். எந்த அலுவலகத்தில் எந்த இடம் காலி, யாருக்கு மாறுதல் கொடுத்தார்கள், வீட்டில் என்ன நோய், எல்லாம் எழுதுங்கள். மறுத்தால் ஒவ்வொன்றுக்கும் காரணம் சொல்ல வேண்டி வரும், சொல்லாவிட்டால் அந்த மறுப்பையே எதிர்த்துப் போகலாம்.

ரிட்டயர்ட் சூப்பிரண்ட்:
காலியிட விவரத்துக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், 30 நாள் கெடு. 'ஏன் தரவில்லை' என்று கேட்காதீர்கள், பதில் வராது. உங்கள் மனு மீதான கோப்புக் குறிப்பின் நகல் கேளுங்கள், ஃபைல் யார் மேசையில் தூங்குகிறது என்பது அதில் தெரிந்துவிடும். இன்னொன்று, மாவட்டம் விட்டு மாவட்டம் சொந்த விருப்பத்தில் போனால் பல துறைகளில் சீனியாரிட்டி போய்விடும், அங்கே கடைசி ஆளாகத்தான் சேர்ப்பார்கள். சம்மதம்தானே?

நெல்லைக்காரி:
சீனியாரிட்டி போனால் போகட்டும் சார். கேஸ் போட்டால் பழிவாங்குவார்களா என்று பயமாக இருக்கிறது.

பட்டவன்:
முகம் கொடுத்துப் பேச மாட்டார்கள், ஒரு மாதம். அப்புறம் சரியாகிவிடும். என் இரண்டாவது ரிட் நடக்கும்போதே மனமொத்த மாறுதலுக்கு, அதாவது இருவர் சம்மதித்து இடம் மாற்றிக்கொள்வதற்கு, ஆள் கிடைத்து நான் போய்விட்டேன், கேஸை வாபஸ் வாங்கினேன்.

கறுப்புக் கோட்டு:
டயாலிசிஸ் சான்று இணைத்தீர்களா?

நெல்லைக்காரி:
இல்லை சார், வாயால் சொன்னதோடு சரி. நாளைக்கே ஆஸ்பத்திரியில் வாங்கச் சொல்கிறேன். நெல்லையிலிருந்து கிருஷ்ணகிரி வர யாருக்காவது மனமிருந்தால் சொல்லுங்கள், சிரிக்காமல்.