தொத்தோவின் படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது?

ரீல்பெட்டி:
இத்தாலிய நகைச்சுவை நடிகர் தொத்தோ கிட்டத்தட்ட நூறு படங்களில் நடித்திருக்கிறார். சப்டைட்டிலோடு பார்த்தால் வசனம் சப்பென்று இருக்கிறது. எந்தப் படத்தில் தொடங்கலாம்? கடைசிப் பத்தாண்டில் கண் தெரியாமலே நடித்தார் என்பது உண்மையா?

பழையதிரை:
வசனத்தை விட்டுவிட்டு முதலில் உடம்பைப் பாருங்கள். 1898இல் நேப்பிள்ஸின் சனிதா பகுதியில் பிறந்தவர். குஸ்தாவோ தெ மார்கோ என்ற மேடைக் கலைஞரின் பொம்மலாட்ட அசைவுகளைப் போலச் செய்துதான் பேர் வாங்கினார். கழுத்து ஒரு பக்கம், தாடை ஒரு பக்கம், தோள் தனியாக ஆடும். 1952இல் வந்த 'தொத்தோ அ கலோரி'யில் நூலில் தொங்கும் பினோக்கியோ பொம்மையாக ஆடுவார். நூல் தளர்ந்ததும் மூட்டு மூட்டாகச் சரிவதைக் கவனியுங்கள். அந்தக் காட்சிக்கு சப்டைட்டிலே வேண்டாம்.

அடுத்து 'மிசேரியா ஏ நோபில்தா' (1954). பசியில் கிடக்கும் கும்பல் ஸ்பகெட்டியைக் கண்டதும் மேசை மேல் ஏறிக் கையால் அள்ளும். தொத்தோ கோட்டுப் பைக்குள்ளும் திணித்துக்கொள்வார். மூன்றாவதாக 'குவார்தியே ஏ லாத்ரி' (1951). திருடன் தொத்தோ, துரத்தும் குண்டுப் போலீஸ் ஆல்தோ ஃபாப்ரீட்சி. இருவரும் மூச்சு வாங்கி உட்கார்ந்துவிடும் இடத்தில் சிரிப்பும் ஏழ்மையும் ஒன்றாக வந்து நிற்கும். இவரை வெறும் கோமாளி என்று ஒதுக்கியவர்களுக்கு இந்தப் படமே போதுமான பதில்.

வரிக்குவரி:
வசனம் சப்பென்று போவதற்குக் காரணம் உண்டு. படிப்பில்லாதவன் அலுவலக நடை இத்தாலிய மொழியைப் பேச முயன்று தடுக்கி விழுவதுதான் அவருடைய நகைச்சுவை. சப்டைட்டில் போடுபவர் இலக்கணத்தைத் திருத்திவிட்டால் சிரிப்பும் போய்விடும். 1956இல் வந்த 'மாலஃபெம்மினா' படத்தில் அவர் கடிதம் சொல்லச் சொல்ல பெப்பீனோ தெ ஃபிலிப்போ வேர்த்து வழிந்து எழுதுவார். அதன் தொடக்கத்தைத் தமிழில் சொன்னால், "நாங்கள் வருகிறோம், இந்த என்னுடைய கடிதத்தோடு" என்று வரும்: பன்மையில் தொடங்கி ஒருமையில் இடறுகிறது. நிறுத்தற்குறி போடும் இடத்தில் முற்றுப்புள்ளி, அரைப்புள்ளி எல்லாவற்றையும் அடுக்கச் சொல்வார். குறைவாகப் போட்டால் கஞ்சர்கள் என்று நினைத்துவிடுவார்களாம்! இந்தக் காட்சியை இரண்டு முறை பாருங்கள்: முதலில் வாசித்துக்கொண்டு, பிறகு பெப்பீனோவின் முகத்தை மட்டும்.

ஒளிவிளக்கு:
கண் விஷயம் உண்மைதான். 1938இலேயே விழித்திரை பிரிந்து ஒரு கண் போயிற்று. 'தொத்தோ அ கலோரி' இத்தாலியின் முதல் வண்ணப் படங்களில் ஒன்று. ஃபெரானியாகலர் என்ற வண்ணப் படச்சுருளுக்கு வெளிச்சம் ஏராளமாகத் தேவைப்பட்டதால், அந்த விளக்குகள் எஞ்சிய கண்ணை வாட்டின. 1957இல் பலேர்மோவில் மேடையில் இருக்கும்போது பார்வை மங்கியது. மேடை வாழ்க்கை அதோடு முடிந்தது.

படங்கள் மட்டும் தொடர்ந்தன. படப்பிடிப்பு பிற்பகலில்தான். கிளாப் அடிக்கும் வரை கறுப்புக் கண்ணாடி, அடித்ததும் கழற்றிவிடுவார். உண்மையான சிக்கல் டப்பிங்கில் வந்தது. திரையில் உதடு அசைவதைப் பார்க்காமல் பேச்சைப் பொருத்த முடியாதே! அதனால் பிற்காலப் படங்கள் சிலவற்றில் கார்லோ க்ரோக்கொலோ அவருக்குக் குரல் கொடுத்தார். ஒரே படத்தில் குரல் மாறுவதுபோல் தோன்றினால் உங்கள் பிரதியைக் குறை சொல்லாதீர்கள்.

பழையதிரை:
அந்தக் கட்டத்துக்கு 'இ சோலிதி இன்யோத்தி' (1958) பாருங்கள். மொட்டைமாடியில் பெட்டக உடைப்புப் பாடம் நடத்தும் சிறிய வேடம். கடைசியாக இயக்குநர் பாசோலினியின் 'உச்செல்லாச்சி ஏ உச்செல்லீனி' (1966). கான் திரைப்பட விழாவில் தொத்தோவின் நடிப்புக்குச் சிறப்புக் குறிப்பு கிடைத்தது. மறு ஆண்டு ஏப்ரல் 15 அன்று ரோமில் இறந்தார். இந்தப் படத்தை மட்டும் முதலில் பார்க்காதீர்கள். அந்த நடையின் நிதானம் புரிய, பழைய பொம்மை நடை கண்ணில் பதிந்திருக்க வேண்டும்.