செத்தவர் சொத்துக்கு வரி: 1985-ல் போனது திரும்ப வரணுமா? (புனைபெயர்களில் ஒரு விவாதம்)

மூலப்பத்திரம்:
2024 தேர்தல் நேரத்தில் காங்கிரஸின் சாம் பித்ரோடா அமெரிக்க வாரிசு வரியைப் பற்றி வாய் திறந்ததிலிருந்து ஒரே கேள்விதான்: "சம்பாதிக்கும்போதே வரி கட்டியாச்சு, செத்த பிறகும் எதுக்கு?" சொத்து கைமாறும்போது யார் எவ்வளவு கட்டுகிறார்கள் என்று தமிழ்நாட்டுப் பதிவுக் கணக்கைப் பார்ப்போம். 20 லட்சத்துக்கு மனை வாங்குகிறவர் முத்திரைத் தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 2% என்று 1,80,000 எண்ணி வைக்கணும். அதே மதிப்புள்ள வீட்டை அப்பா மகனுக்கு செட்டில்மெண்ட் (உயிரோடு இருக்கும்போதே எழுதிக் கொடுக்கும் பத்திரம்) எழுதினால் இரண்டும் தலா 1% தான். 2023 ஜூலையில் உயர்த்திய பிறகும் உச்சவரம்பு தீர்வைக்கு 40,000, கட்டணத்துக்கு 10,000. ஆக அந்த மகனுக்கு 30,000, அதாவது 1.5%. அடையாறில் 5 கோடி பங்களாவை இப்படிப் பெறும் மகனுக்கு 50,000. வெறும் 0.1%. சொத்து ஏற ஏற விகிதம் இறங்குகிறது! அதனால்தான் வாரிசு வரி வேணும் என்கிறேன்.

ஐந்தொகை:
கணக்கு சரி சார், முடிவு தப்பு. உயிலுக்கு முத்திரைத் தீர்வையே கிடையாது, பதிவும் கட்டாயமில்லை. உயில் எழுதாமல் போனாலும் வாரிசுச் சான்றிதழை வைத்துப் பட்டா மாற்றிக்கொள்ளலாம். செட்டில்மெண்டுக்கும் 9% கேட்டால் ஒருத்தரும் எழுத மாட்டார். இரண்டு தலைமுறை கழித்துப் பத்துப் பதினைந்து பங்காளிகளிடம் கையெழுத்துக்கு அலையணும். உச்சவரம்பு இருப்பது பத்திரம் ஒழுங்காக எழுதப்படட்டும் என்றுதான்.

வரியை நாம் போட்டுப் பார்க்காமலும் இல்லை. இறந்தவர் சொத்து மீதான வரியான எஸ்டேட் டூட்டி 1953-ல் வந்தது, உச்ச விகிதம் 85% வரை போனது. 1985-ல் நிதியமைச்சர் வி.பி. சிங் அதை எடுத்தபோது வசூல் வருஷத்துக்கு 20 கோடி அளவில்தான். வைத்திருக்கும் சொத்துக்கு வருஷா வருஷம் போட்ட செல்வ வரியும் 2013-14-ல் 1,008 கோடிதான் தந்தது. 2015 பட்ஜெட்டில் நிதியமைச்சர் ஜெட்லி அதை எடுத்துவிட்டு, 1 கோடிக்கு மேல் வருமானம் உள்ளவர்களுக்கு 2% கூடுதல் சர்சார்ஜ் (வரிக்கு மேல் வரி) போட்டார். எதிர்பார்த்தது 9,000 கோடி. எது லாபம்?

மூலப்பத்திரம்:
ஓட்டைக் குடத்தை இறக்கிவிட்டுக் கிணற்றில் தண்ணீர் இல்லை என்கிறீர்கள். 1992 பட்ஜெட்டில் பங்குகளைச் செல்வ வரியிலிருந்து விலக்கினார்கள். மிச்சம் என்ன? இரண்டாவது வீடு, நகர மனை, கார், நகை, 50,000-க்கு மேல் ரொக்கம். 30 லட்சத்துக்கு மேல் 1%. நகை வாங்கின டாக்டர் மாட்டினார், ஆயிரம் கோடிக்குப் பங்கு வைத்திருந்தவர் அந்தப் பங்குக்கு ஒரு ரூபாய் கட்டவில்லை. பெரிய சொத்து பங்கில்தானே இருக்கிறது? 2022-23-ல் உச்சியில் இருக்கும் 1% பேரிடம் நாட்டின் செல்வத்தில் 40.1% என்று உலக ஏற்றத்தாழ்வு ஆய்வகம் மதிப்பிட்டது. அது நகையும் காருமா?

ஐந்தொகை:
சரி, பங்குக்கே வருவோம். வாரிசு விற்கும்போது அப்பா வாங்கிய விலைதான் அடக்கவிலை. ஏற்றத்துக்கு மூலதன ஆதாய வரி விழும் (பட்டியலிட்ட பங்கில் 2018 ஜனவரி 31 வரை ஏறியது நீங்கலாக), 2024 ஜூலை 23-லிருந்து 12.5%. வரி தள்ளிப்போகிறதே தவிர, எங்கேயும் போய்விடவில்லை.

மூலப்பத்திரம்:
விற்றால்தானே? ப்ரோமோட்டர், அதாவது கம்பெனியைக் கையில் வைத்திருக்கும் முதலாளி, விற்க மாட்டார். பங்கை அடமானம் வைத்துக் கடன் வாங்கிச் செலவழிப்பார், பங்கைக் குடும்ப டிரஸ்டில் போட்டுவைப்பார். டிரஸ்டுக்குச் சாவே கிடையாது.

வரப்பு:
குறுக்கே ஒரு சந்தேகம். விவசாய நிலத்துக்கும் இந்த வரி உண்டா?

ஐந்தொகை:
மத்திய அரசால் நேரடியாகப் போட முடியாது தம்பி. எஸ்டேட் டூட்டி அரசியல் சாசனத்தின் மத்தியப் பட்டியலில் 87-வது பதிவு, "விவசாய நிலம் நீங்கலாக" என்றே இருக்கிறது. விவசாய நிலத்துக்கான எஸ்டேட் டூட்டி மாநிலப் பட்டியலில் 48. சட்டம் வந்த மறுநாளே பண்ணை வீடுகளின் விலை ஏறும், பாருங்கள்.

மூலப்பத்திரம் சார், டிரஸ்டை எப்படிப் பிடிப்பீர்கள்? மயிலாப்பூரில் பழைய வீடு, கையில் பென்ஷன் மட்டும் என்று இருக்கும் அம்மாவுக்கு என்ன பதில்?

மூலப்பத்திரம்:
பிரிட்டனில் பெரும்பாலான டிரஸ்டுகளுக்குப் பத்து வருஷத்துக்கு ஒருமுறை 6% வரை வரி, சாவுக்காகக் காத்திருப்பதில்லை. அந்த அம்மா வரவே மாட்டார். வரம்பை 10 கோடியில் வையுங்கள், குடியிருக்கும் வீட்டுக்கு விற்கிற வரை கெடு கொடுங்கள். பெரிய சொத்துக்காரர்களுக்குத் தவணை. தென் கொரியாவில் சாம்சங் தலைவர் லீ குன்-ஹீ 2020-ல் இறந்தபோது சாம்சங் குடும்பத்துக்கு வந்த வரி 12 லட்சம் கோடி வோன். ஐந்து வருஷத் தவணை.

ஐந்தொகை:
அந்தக் குடும்பமும் பங்கை விற்க வேண்டி வந்தது.

மூலப்பத்திரம்:
விற்கட்டுமே. சாம்சங் போன் செய்வதையா நிறுத்திவிட்டது?

ஐந்தொகை:
சாம்சங் பங்குக்குச் சந்தை இருக்கிறது. திருப்பூரில் நான்கு பங்காளிகள் நடத்தும் பனியன் கம்பெனியின் 25 சதவீதத்தை வெளியாள் எவன் வாங்குவான்? அதன் மதிப்பை ஒரு வேல்யூவர் 8 கோடி என்பார், வருமான வரி ஆபீஸ் 30 கோடி என்னும், கேஸ் பன்னிரண்டு வருஷம் ஓடும். பங்குச் சந்தையில் பட்டியலிடாத பங்குக்கு ரெண்டு தரப்பும் ஒத்துக்கொள்கிற ஒரு மதிப்பீட்டு விதியை இங்கே எழுதுங்கள். எத்தனை சதவீதம் என்பதை அப்புறம் பேசலாம்.