டிசம்பர் பூவுக்குக் கத்தரி எப்போது? கொல்லைக் காட்டுப்பூ அனுபவங்கள்

திருவையாறு:

எங்கள் கொல்லையில் பாதிச் செடி யாரும் வைத்ததில்லை, தானாக வந்தது. தும்பை, சங்குப்பூ, வேலியோரம் எருக்கு. டிசம்பர் பூவும் கனகாம்பரமும் மட்டும் மாமியார் வைத்தவை. பொங்கலுக்கு முன்னால் கொல்லையைச் சுத்தம் பண்ண ஒரு பெரியவர் வருவார், அரிவாளை எடுத்தால் தரை தெரிகிறவரை நிறுத்த மாட்டார். தும்பையைக் காட்டி "இது குப்பைச் செடிம்மா" என்றார். விதை கொட்டட்டும் தாத்தா, பிறகு பிடுங்கலாம் என்று நிறுத்தி வைத்தேன். தும்பைக்குக் கவாத்து, அதாவது கிளை வெட்டுவது, என்று ஒன்றும் கிடையாது. மழையில் முளைத்து, பூத்து, விதை போட்டுவிட்டுப் போகிற ஒரு பருவச் செடி. அது காய்வதற்கு முன்னால் பிடுங்கினால் அடுத்த ஐப்பசிக்கு அந்த இடத்தில் ஒன்றும் இருக்காது, அவ்வளவுதான்.

ஆனால் டிசம்பர் பூ விஷயத்தில் அவர் சொன்னதுதான் சட்டம். "பூ இருக்கிறவரை கை வைக்காதீங்க, தை போகட்டும்." மாசி பிறந்ததும் செடியில் பாதி உயரத்துக்கு வெட்டுகிறோம். இலை எதிரெதிராக இருப்பதால் ஒவ்வொரு கணுவிலும் இரண்டு பக்கமும் கண் இருக்கும், கணுவுக்கு ஒரு விரல்கடை மேலே சாய்வாக வெட்டினால் இரண்டும் கிளம்பும், ஒரு கிளை இரண்டாகும். வெட்டிய குச்சியை வாழைக்கு அடியில் ஈரத்தில் சொருகிவிடுவார், சிலது பிடிக்கும், சிலது பிடிக்காது. கனகாம்பரத்துக்கு வெட்டே தேவையில்லை, பூ உதிர்ந்த கதிரைக் கிள்ளினால் போதும். எல்லாவற்றையும் கிள்ளாதீர்கள், நாலு கதிரைக் காய விடுங்கள். மழைத்துளி பட்டதும் அந்தக் காய் படபடவென்று வெடித்து விதையைத் தூர வீசும், பிள்ளைகளுக்கு நல்ல வேடிக்கை.

சித்திரையில் மட்டும் கத்தரியை எடுக்காதீர்கள். மேட்டூரை வழக்கமாக ஜனவரி 28-ல் மூடினால் திறக்க ஜூன் 12 ஆகும், அதுவும் அணையில் தண்ணீர் இருந்தால். அதுவரை வாய்க்கால் காய்ந்து கிடக்கும், களிமண் பிளந்து கையே உள்ளே போகும். அப்போது வெட்டினால் துளிர்க்கத் தெம்பு ஏது?

டொராண்டோ (சொந்த ஊர் மாயவரம்):

அக்கா, இங்கே எல்லாம் தலைகீழ். உங்களுக்குச் செடி தூங்குவது வெயிலில், எங்களுக்குப் பனியில். வந்த புதிதில் பக்கத்து வீட்டு அம்மாள் தோட்டத்தைப் பார்த்து, என்ன இவர் செத்த செடியை மாதக்கணக்கில் அப்படியே விட்டு வைத்திருக்கிறார் என்று நினைத்தேன். கேட்டதற்கு என்னைக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். ஊதாக் கூம்புப்பூ செடி, இங்கே எக்கினேசியா என்பார்கள், அதன் காய்ந்த தலையில் மஞ்சள் சிட்டு ஒன்று தொங்கிக்கொண்டு விதையைக் கொத்திக்கொண்டிருந்தது. உள்ளே துளை இருக்கிற தண்டுகளில் சின்னச் சின்னத் தனித்தேனீக்கள் தங்கும், அதனால் இலையுதிர் காலத்தில் வெட்டுவதில்லை. பனி போய் வசந்தத்தில்தான் வெட்டு, அதுவும் தரையோடு இல்லை, ஓரடி விட்டு. அந்தக் கட்டையில் தேனீ முட்டை வைக்கும்.

ஆஸ்டர் என்கிற பூச்செடி வகைகளை ஜூன் மாதத்தில் மூன்றில் ஒரு பங்கு வெட்டிவிடுவேன். கொஞ்சம் தாமதமாகப் பூக்கும், ஆனால் குட்டையாகக் கொத்தாக வரும், காற்றில் சாயாது. இன்னொன்று, இங்கத்துக் காட்டுப்பூ விதைகள் பலவும் குளிர் படாமல் முளைக்காது. மில்க்வீட் விதையை ஈர மணலில் கலந்து ஒரு மாதம் பிரிட்ஜில் வைக்கிறேன். மாமியார் ஊரிலிருந்து வந்தபோது அதை ஏதோ பொடி என்று திறந்து பார்த்துவிட்டு என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! அந்த மில்க்வீட் நம் எருக்குக்குச் சொந்தம்தான், ஒடித்தால் அதே பால். மொனார்க் பட்டாம்பூச்சியின் புழுவுக்கு அது மட்டும்தான் சாப்பாடு.

வேதாரண்யம்:

எங்கள் பக்கம் மணல். கார்த்திகைப்பூ, அதாவது செங்காந்தள், வேலி முழுக்க ஏறும். இலை நுனியே சுருண்டு கம்பியைப் பிடித்துக்கொள்ளும், கட்டிவிட வேண்டியதே இல்லை. பூ முடிந்து தையில் கொடி மஞ்சளாகும்போது பார்க்க அசிங்கமாகத்தான் இருக்கும், இருந்தாலும் வெட்டாதீர்கள். அந்த இலையில் இருக்கிற கடைசிச் சத்துதான் கீழே புதுக் கிழங்காகிறது, பழைய கிழங்கு சுருங்கிப் போய்விடும். கொடி சருகானதும் கையால் இழுத்தாலே வந்துவிடும்.

2018 நவம்பர் 16 கஜா புயலில் எங்கள் வேலி போச்சு, பூவோடு கொடியும் போச்சு, மேலே இருந்த முந்திரி மரமும் வேரோடு சாய்ந்தது. கிழங்கும் அழுகியிருக்கும் என்று விட்டுவிட்டோம். அடுத்த வருடம் மழை விழுந்ததும் வேலி இல்லாத இடத்தில் வரிசையாக முளை தலை நீட்டியது, பிடிக்க ஒன்றும் இல்லாமல் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நின்றது. அப்புறம்தான் போய் மூங்கில் வாங்கி வந்தோம்.

கிழங்கைத் தோண்டினால் நுனி ஒடியாமல் எடுங்கள், முளை வருவது நுனியில்தான். செடி முழுக்க விஷம், கிழங்கில் கொல்கிசின் என்கிற நஞ்சு நிறைய. கையுறை போட்டுக்கொள்ளுங்கள், சேப்பங்கிழங்கு, சேனை பக்கத்தில் எங்கேயும் வைக்காதீர்கள்.

வல்லம்:

ஆவாரைக்கு நான் கத்தரி எடுத்ததே இல்லை. பொங்கல் சமயத்தில் தெருவே வந்து பூவோடு ஒடித்துக்கொண்டு போகும், அதுவே கவாத்து. எங்கள் செம்மண்ணில் நன்றாக வருகிறது. கும்பகோணத்தில் தங்கை வீட்டில் களிமண்ணில் வைத்தோம், கார்த்திகை மழையில் தண்ணீர் தேங்கி வேர் அழுகிவிட்டது. வயல்காட்டு ஊர்க்காரர்கள் வைப்பதானால் மேடு கட்டி வையுங்கள்.

திருவையாறு:

மாயவரம் தம்பி, எங்கள் எருக்கிலும் வரி வரியாகப் புழு இருக்கிறது, வெந்தய வரியன் பட்டாம்பூச்சியாகும். அதனால் தாத்தாவிடம் எருக்கையும் தொடாதீர்கள் என்று சொல்லியாகிவிட்டது, அவர் இப்போது என்னை ஒரு மாதிரியாகப் பார்க்கிறார். வேதாரண்யத்தாரே, செங்காந்தள் விதை இருந்தால் எனக்கென்று கொஞ்சம் எடுத்து வையுங்கள். பூக்க இரண்டு மூன்று வருடம் ஆனாலும் சரி. இப்போதைக்கு விதையும் கிழங்கும் அனுப்ப வேண்டாம், வீட்டில் எதைக் கண்டாலும் வாயில் வைக்கிற பேத்தி இருக்கிறாள், அவள் கொஞ்சம் பெரியவளாகட்டும்.