சுமாகோ: விற்க மாட்டோம், வாடகைக்கு விட மாட்டோம், இடிக்க மாட்டோம்

ஜப்பானில், நகோயாவில் வேலை பார்த்தபோது ஒரு நவம்பர் ஞாயிற்றுக்கிழமை தனியாகக் கிளம்பினேன். நகாட்சுகாவா வரை ரயில், மாகோமே வரை பஸ், அப்புறம் மலையேறி இறங்கி சுமாகோவுக்கு எட்டு கிலோமீட்டர் நடை. டோக்கியோவுக்கு எடோ என்று பெயர் இருந்த காலத்தில் அங்கிருந்து கியோட்டோவுக்கு மலைவழியாகப் போன நகாசெந்தோ சாலை அது. அதன் 69 தங்கல் ஊர்களில் சுமாகோ 42ஆவது. கரடியை விரட்ட வழியெல்லாம் மணி தொங்கவிட்டிருக்கிறார்கள். நான் தேவைக்கு மேலேயே அடித்தேன்.

பாதி வழியில் ஒரு பழைய வீட்டில் பெரியவர் ஒருவர் வருவோர் போவோருக்கெல்லாம் தேநீர் கொடுத்துக்கொண்டிருந்தார். காசு கேட்கவில்லை. எந்த நாடு என்றதற்கு "இந்தோ" (இந்தியா) என்றேன். "மாகோமேயிலிருந்து நடந்தா வந்தீங்க?" என்றார். ஆமாம் என்றதும் இன்னொரு கோப்பை ஊற்றினார்.

ஊருக்குள் என்னை நிறுத்திவைத்தது ஒகுயா என்ற பெரிய வீடு. இந்த ஊர் இருக்கும் கிசோ பள்ளத்தாக்கின் ஹினோகி (ஜப்பானிய சைப்ரஸ்) உட்பட ஐந்து வகை மரங்களை, இந்தப் பகுதியை ஆண்ட ஓவாரி பிரபுக்கள் தங்களுக்கென்றே வைத்துக்கொண்டார்களாம். "ஒரு மரத்துக்கு ஒரு தலை" என்பது அந்தக் காலப் பேச்சு; மரத்தை வெட்டினால் தலை போகும். காடு வாசலில், மரம் மட்டும் கிடையாது! பிறகு வந்த மெய்ஜி பேரரசர் ஆட்சியில் தடை நீங்கியது. 1877இல் இந்த வீட்டை முழுக்க ஹினோகியிலேயே கட்டிவிட்டார்கள். எனக்கென்னவோ அதில் கொஞ்சம் வீம்பும் தெரிகிறது. கணப்பில் தினமும் நெருப்பு மூட்டுகிறார்கள்; மரமெல்லாம் புகையேறிக் கறுத்துக் கிடக்கிறது.

1911இல் முழுமையான சூவோ ரயில் பாதை ஊரைத் தொடாமல் ஆற்றோரமாகப் போய்விட்டது. வழிப்போக்கர் வரத்து நின்றது, இளசுகள் வெளியேறினார்கள், இடித்துக் கட்ட யாரிடமும் பணமில்லை. பழைய வீடுகள் தப்பியது அப்படித்தான். 1968இல் பழுதுபார்க்கத் தொடங்கி, 1971இல் ஊரே கூடித் தலைப்பில் உள்ள மூன்றையும் சாசனமாக எழுதிக்கொண்டது. அரசு பாதுகாப்புப் பகுதியாக அறிவித்ததே 1976இல்தான்.

* * *

அன்று இரவு சுமாகோவிலேயே ஒரு மின்ஷுகுவில், அதாவது குடும்பத்தார் தங்கள் வீட்டிலேயே நடத்தும் விடுதியில், தங்கினேன். பகலில் தெருவில் கார் விடுவதில்லை. மாலை ஐந்துக்குள் கடைகளும் அடைத்துவிடுகின்றன. பிறகு ஓடைச் சத்தம் மட்டும்தான். சாசனத்தைப் பற்றி அந்த வீட்டு அம்மாவிடம் வியந்து பேசினேன். அவர் சிரித்தார். "வெளியே ஒரு ஜன்னல் மாத்தணும்னாலும் ஊர்க் கமிட்டிகிட்ட கேக்கணும். குளிர்காலத்துல வந்து தங்கிப் பாருங்க, அப்புறம் பேசுவோம்" என்றார். ஆனால் விற்றுவிட்டுப் போகலாமே என்று கேட்டதும் முகம் மாறிவிட்டது. கேட்டிருக்கக் கூடாது.

* * *

நடையைத் தொடங்கிய மாகோமேயைப் பற்றிச் சொல்லவில்லையே. 1895, 1915 என்று இரண்டு தீ விபத்தில் பழைய வீடுகள் போய்விட்டன. இப்போது இருப்பவை பிறகு கட்டியவை. 2005இல் அந்த ஊர் நாகானோவிலிருந்து கிஃபு மாநிலத்துக்கு மாறியது. ஒரு கடைக்காரரிடம் "நாகானோ அழகா இருக்கு" என்று சொல்லி, "இது கிஃபு" என்று திருத்தம் வாங்கினேன். அவர் கையில் சுட்டுக்கொண்டிருந்தது கொஹேய் மோச்சி: சோற்றை மசித்துக் குச்சியில் பிடித்து, வால்நட் அரைத்த சாஸ் தடவி நெருப்பில் வாட்டியது. அசட்டுச் சிரிப்போடு இரண்டு வாங்கினேன்.