டிவில நடிகர் வடிவேலு மாதிரியே வேஷம் கட்டி காமெடி பண்ணின வடிவேல் பாலாஜி அண்ணனை நேர்ல பாத்தவங்க இருக்கீங்களா? பாத்திருந்தா சொல்லுங்க

நானே ஆரம்பிக்கிறேன். எங்க ஊரு திருமங்கலம் பக்கம். பங்குனிப் பொங்கலுக்கு "விஜய் டிவி புகழ்"னு பிளக்ஸ் அடிச்சு பல்சுவை நிகழ்ச்சி வச்சிருந்தாங்க, அதுல இவரு போட்டோ ஒரு ஓரமாத்தான் கிடந்துச்சு. மேடையேறி ஒரு வார்த்தை பேசலங்க. லுங்கியை ஒரு கையால தூக்கிப் பிடிச்சு, கழுத்தை மட்டும் வெடுக்குனு திருப்பி கூட்டத்தை ஒரு முறை முறைச்சாரு, முன்னாடி தரையில உக்காந்திருந்த அப்பத்தாக்க எல்லாம் வாயில முந்தானைய வச்சுக்கிட்டு சிரிக்குதுக. முடிச்சுட்டு வேன்ல ஏறப் போனப்ப ஊரே "வடிவேலண்ணே வடிவேலண்ணே"ன்னுதான் கூப்பிடுது, அவரும் கை காட்டிட்டுப் போறாரு. நம்ம மதுரைக்காரரு, பேரு பாலாஜின்னு அங்க பாதிப் பேருக்குத் தெரியாது.

--

விஜய் டிவியோட "அது இது எது" காமெடி ஷோ ரெக்கார்டிங்குக்கு ஆடியன்ஸா போயிருக்கேன். ஏசி குளிர்ல மணிக்கணக்கா உக்கார வச்சுருவாங்க, நம்ம கைதட்டலையும் சிரிப்பையும் வேற தனியா எடுப்பாங்க, சும்மா வெறும் மேடையப் பாத்து சிரிக்கணும் 😅 ஆனா சிரிச்சா போச்சு ரவுண்டுக்கு இவரு வந்தா அந்த வேலையே இல்ல. பொம்பள வேஷத்துல வந்து, சிரிக்கக் கூடாதுன்னு பல்லைக் கடிச்சுட்டு இருக்கவங்க மூஞ்சிக்கு நேரா குனிஞ்சு நிப்பாரு பாருங்க, டயலாக் எல்லாம் அப்புறம்தான். வடிவேலு குரல் எடுக்குறவங்க தெருவுக்கு நாலு பேரு இருக்காங்க, உடம்பை எடுத்தவரு இவருதான்னு நான் சொல்லுவேன்.

--

விஜய் டிவி "கலக்கப் போவது யாரு" காமெடி போட்டி காலத்துல இருந்து இவரைப் பாக்குறேன். அதே மேடையில இருந்த சிவகார்த்திகேயன் ஹீரோவாயிட்டாரு, ரோபோ சங்கருக்கும் சினிமாவுல நல்ல இடம் கிடைச்சுச்சு, இவருக்கு மட்டும் சின்னச் சின்ன ரோல்தான். வடிவேலுவே இருக்கும்போது வடிவேலு மாதிரி ஒருத்தரை எந்த டைரக்டர் கூப்பிடுவாரு சொல்லுங்க, டிவில சோறு போட்டதே சினிமாவுல கதவைச் சாத்திருச்சு. 2020 செப்டம்பர் 10 அன்னைக்கு போயிட்டாரு, அம்பது வயசு கூட ஆகல. கொரோனாவால திருவிழா மேடையே இல்லாம இந்த மாதிரி கலைஞர்கள் எல்லாம் வருமானம் இல்லாம கிடந்த நேரம் அது. விஜய் சேதுபதி நேர்ல வந்து அஞ்சலி செலுத்துனாரு.

இப்பவும் யூடியூப்ல அவரு க்ளிப்பை வெட்டிப் போடுற சேனல்காரங்க தலைப்புல "வடிவேலு கெட்டப் அலப்பறை"ன்னுதான் போடுறாங்க. பேரைப் போடுங்கய்யான்னு கமெண்ட் போட்டா ஒரு ஹார்ட்டு மட்டும் குடுத்துட்டு விட்டுர்றாங்க.