இரும்புப் பட்டையில் கவுண்டர்சிங்க் அலை அலையாக விழுகிறது, ஸ்க்ரூ தலையும் மட்டத்துக்கு இறங்கவில்லை

கேள்வி – ரங்கூன்_கதவு
தேக்குக் கதவின் மேல் 3 மிமீ இரும்புப் பட்டை பதிக்கிறேன். ஸ்க்ரூ 5 மிமீ, தட்டைத் தலை. ஸ்க்ரூ தலை உட்கார எடுக்கும் கூம்புக் குழியின் (கவுண்டர்சிங்க்) விளிம்பு வழுவழுப்பாக வராமல் பூப்போல அலை அலையாக வருகிறது. தலை அரை மிமீ வெளியே நிற்கிறது. இன்னும் ஆழமாக எடுத்தால் பட்டை ஓட்டையாகிவிடுமோ என்று தயங்குகிறேன். கதவு நிலை பியின்கடோ மரம் (பர்மாவின் மிகக் கடினமான மரம்). கீல் ஸ்க்ரூ அதில் பாதியிலேயே முறிகிறது. என்ன செய்யலாம்?

பெகு_பட்டறை
அலை வருவதற்குக் காரணம் வேகம். துளை போட்ட அதே வேகத்தில் கவுண்டர்சிங்க் ஓட்டினால் பிட் கடிக்காமல் துள்ளும். ஒரு பல் துள்ளிய பள்ளத்திலேயே அடுத்த பல்லும் விழுவதால் கோடுகள் நிலைத்துவிடும். துளை வேகத்தில் மூன்றில் ஒரு பங்கு போதும். 10 மிமீ குழிக்கு மைல்டு ஸ்டீலில் 250 ஆர்பிஎம் (நிமிடத்துக்கு 250 சுற்று) பக்கம் வையுங்கள். பேட்டரி டிரில் என்றால் 1-ஆம் கியர், சுவிட்சைப் பாதிக்கு மேல் அழுத்த வேண்டாம். பட்டையை கிளாம்பில் இறுக்கி, ஒரு சொட்டு எண்ணெய் விட்டு, கையை நன்றாக அமுக்குங்கள். தடவித் தடவி எடுத்தால்தான் துள்ளும்.

ஏற்கெனவே விழுந்த அலையை எடுக்க, பருத்தித் துணியை நாலாக மடித்துக் குழியின் மேல் வைத்து, அதன் மேல் பிட்டை மெதுவாக அமுக்கிச் சுற்றுங்கள். துள்ளலைத் துணி வாங்கிக்கொள்ளும், மேடு மட்டும் சீவப்படும். புது பிட் வாங்குவதாக இருந்தால் 3 பல் உள்ளது, அல்லது பக்கவாட்டில் சாய்வாகத் துளை போட்ட கூம்பு. ஐந்தாறு பல் உள்ள மலிவு பிட் மரத்துக்குப் போதும், இரும்புக்கு வேண்டாம்.

பெரிய டிரில் பிட்டாலேயே குழி எடுப்பவர்கள் உண்டு. அந்த முனை பெரும்பாலும் 118 டிகிரி, உங்கள் ஸ்க்ரூ தலை 90 டிகிரி. தலை அடியில் மட்டும் முட்டும், மேல் விளிம்பைச் சுற்றி இடைவெளி தெரியும். மெல்லிய பட்டையில் பிட் சட்டென்று கடித்து உள்ளே இழுத்தும் விடும்.

மோல்மேன்_தச்சு
ஆழத்தை அளக்காதீர்கள், குழியின் வாயை, அதாவது மேல் விட்டத்தை, அளங்கள். 90 டிகிரியில் ஆழம் 1 மிமீ கூடினால் வாய் 2 மிமீ விரியும். 5 மிமீ ஸ்க்ரூவுக்குத் தலை ஏறக்குறைய 10 மிமீ. பட்டைத் துளை 5.5, வாய் 10.2 என்றால் ஆழம் 2.35 தான். கீழே 0.65 மிமீ மிச்சம் இருக்கும், பயப்பட வேண்டாம். இதே பட்டையில் 6 மிமீ ஸ்க்ரூ போட்டால் தலை 12. அடியில் கால் மிமீதான் தங்கும், கத்தி முனைபோல் ஆகி இறுக்கும்போது கிழியும்.

வெர்னியர் அளவுகோலில் வாய் 10.2 வந்தும் தலை வெளியே நிற்கிறதா? தலைக்கு அடியில் விரலால் தடவிப் பாருங்கள். பலகை ஸ்க்ரூக்களில் அங்கே சிறு வரிகள் இருக்கும். மரத்தைத் தானே சீவிக்கொள்ள வைத்தவை அவை. இரும்பில் சீவாமல் மேலேயே உட்கார்ந்துவிடும். வரி இல்லாத ஸ்க்ரூவாக மாற்றுங்கள், அதற்காகக் குழியை அகலப்படுத்தாதீர்கள்.

ரங்கூன்_கதவு
ஆமாண்ணே, வரி இருக்கிறது! நிலைக்குப் போட்டது கறுப்பு ஸ்க்ரூ.

மோல்மேன்_தச்சு
அது ஜிப்சம் பலகைக்கானது, தம்பி. கெட்டியான எஃகு, வளையாது, பட்டென்று முறியும். தலையடியும் நேர்க்கூம்பு இல்லை, வளைவு. கீல் குழியில் உட்காராது.

பியின்கடோவில் 5 மிமீ ஸ்க்ரூவுக்கு 3.5 மிமீ முன்துளை, ஸ்க்ரூ நீளம் முழுக்க. தேக்குக்கு 3.2 போதும். முதலில் ஒரு துண்டு மரத்தில் முறுக்கிப் பாருங்கள், ஸ்க்ரூவின் நடுத்தண்டு கம்பெனிக்குக் கம்பெனி மாறும். ஸ்க்ரூவின் மறையில் மெழுகுவத்தி தேயுங்கள். சோப்பு வேண்டாம், ஈரத்தை இழுத்து மழைக்காலத்தில் துரு ஏற்றும். பித்தளை ஸ்க்ரூ போடுவதானால் அதே அளவு இரும்பு ஸ்க்ரூவை முதலில் ஏற்றி, வழி உண்டாக்கி, கழற்றிவிட்டுப் பித்தளையைப் போடுங்கள்.

பெகு_பட்டறை
மரத்தில் நேராகக் குழி எடுக்கும் இடத்தில் ஓரம் சிம்பு கிளம்பினால், டிரில்லை முதலில் பின்பக்கமாகச் சுற்றவிட்டு இரண்டு சுற்று மட்டும் தொட்டுவிடுங்கள். நார் அறுபட்டு வட்டம் விழும். பிறகு முன்பக்கம். பிட் சுற்ற ஆரம்பித்த பிறகே மரத்தைத் தொட வேண்டும்.

பட்டைக்குக் கீழே மரத்தில் குழி தேவையில்லை, முன்துளை மட்டும். துளை விளிம்பில் பட்டையின் அடிப்பக்கப் பிசிறை அரத்தால் எடுத்துவிடுங்கள், இல்லையென்றால் பட்டை கதவோடு ஒட்டாது.